தேனில்லாத பூ, தேனுள்ள இலை

இட்லிப்பூவைப் பறித்து, நடுவிலிருக்கும் நாரை உருவி, நுனியில் நிற்கும் ஒரு சொட்டுத் தேனை உறிஞ்சியிருக்கிறீர்களா? கட்டாயம் செய்திருப்பீர்கள். பள்ளிக்கூடத்து வேலியோரம் இட்லிப்பூச் செடி இருந்தால், இடைவேளை முடிவதற்குள் அதில் பூவே மிஞ்சாது.

என் தங்கை மகளும் இந்த விஷயத்தில் கெட்டிக்காரி. ஆறாம் வகுப்பு படிக்கிறாள். பொங்கல் விடுமுறைக்குச் செஞ்சிக்கு வந்தவளை ராஜகிரிக் கோட்டைக்குக் கூட்டிப்போனேன். படி ஏறத் தொடங்கும் முன்பே, பாறையோரம் மஞ்சளாய்ப் பூத்துக் கிடந்த புதரிலிருந்து ஒரு பூவைப் பறித்துக் காம்பை வாயில் வைத்துவிட்டாள்.

“பெரியம்மா, இதுல தேனே இல்ல!”

தெரியாத பூவை வாயில் வைக்கக் கூடாது என்று முதலில் கண்டித்தேன். உங்களுக்கும் அதையே சொல்கிறேன். அவள் பறித்தது ஆவாரம்பூ என்பதால் பயமில்லை. ஆனால் அவள் சொன்னது முழுக்கச் சரி. ஆவாரம்பூவில் தேன் கிடையாது, ஒரு துளிகூடக் கிடையாது.

அவள் காம்பைத் துப்பிய அதே நேரத்தில், ஒரு முழம் தள்ளி, கட்டைவிரல் பருமனில் ஒரு கருவண்டு பூவுக்குப் பூ தாவிக்கொண்டிருந்தது. தேனே இல்லாத பூவுக்கு அது எதற்காக வருகிறது?

அதைப் பார்ப்பதற்கு முன், நாங்கள் நின்ற இடத்தைக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். செஞ்சிக் கோட்டை ஒரே மலையில் கட்டிய கோட்டை இல்லை. ராஜகிரி, கிருஷ்ணகிரி, சந்திரகிரி என்ற மூன்று மலைகளையும் மதிலால் இணைத்துக் கட்டியது. 1677-ல் சிவாஜி இதைப் பிடித்தார். 2025 ஜூலையில், மராட்டியர் வரலாற்றோடு சேர்ந்த 12 கோட்டைகளை உலகப் பாரம்பரியச் சின்னமாக யுனெஸ்கோ அறிவித்தபோது, அதில் இடம்பெற்ற ஒரே தமிழ்நாட்டுக் கோட்டை இது. மலை முழுக்க, யாரோ கூடையில் அள்ளிவந்து கொட்டியதுபோல உருண்டைப் பாறைகள். சித்திரை வெயிலில் அந்தப் பாறையில் வெறுங்காலை வைக்க முடியாது. அந்தப் பாறை இடுக்கில், கைப்பிடி மண்ணில் வேரை விட்டுக்கொண்டு நிற்கிறது ஆவாரை. நட்டவர் யாருமில்லை. தண்ணீர் ஊற்றியவரும் இல்லை.

இது இந்த மண்ணின் செடி. இந்தியாவிலும் இலங்கையிலும் மியான்மரிலும் தானாக வளர்வது. கபிலர் பாடிய குறிஞ்சிப்பாட்டில் 99 பூக்களின் பெயர்கள் வருகின்றன. அவற்றில் ஒன்று ஆவிரை. நாம் இன்று ஆவாரை என்பதைத்தான் அன்று அப்படிச் சொன்னார்கள்.

இப்போது ஒரு வேடிக்கை. ‘அவரை’ என்று எழுதுங்கள். பக்கத்தில் ‘ஆவாரை’ என்று எழுதுங்கள். குறிலை நெடிலாக்கினால் வந்துவிடுகிறது, இல்லையா? செடிகளின் குடும்பத்திலும் இவை இரண்டும் உறவுதான். அவரை, துவரை, உளுந்து, நிலக்கடலை, புளி, முருங்கைக்காய்போல நீளக் காய்க்கும் சரக்கொன்றை எல்லாம் அவரைக் குடும்பம். (முருங்கை மட்டும் இந்தக் குடும்பம் இல்லை. காயைப் பார்த்து ஏமாறாதீர்கள்.) ஆவாரையின் காயைப் பறித்துப் பாருங்கள். தாள்போல மெலிந்த தட்டைக் காய். வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தால் உள்ளே விதைகள் வரிசையாகத் தெரியும். அவரைக்காயைப் பிரிப்பதுபோலவே இதையும் பிரிக்கலாம்.

தாவரவியலார் வைத்த பெயர் சென்னா ஆரிகுலேட்டா. லின்னேயஸ் என்ற தாவரவியலார் 1753-ல் கேசியா ஆரிகுலேட்டா என்று எழுதினார். பிறகு முன்பாதி மாறியது, பின்பாதி மாறவில்லை. ‘ஆரிகுலா’ என்றால் லத்தீன் மொழியில் சின்னக் காது. செடிக்கு ஏது காது? இலைக்காம்பு தண்டோடு சேரும் இடத்தைப் பாருங்கள். இரண்டு பக்கமும் வட்டமாக, பச்சையாக, கைக்குழந்தையின் காதுமடல்போல ஒன்று ஒட்டிக்கொண்டிருக்கும். அதுதான் இலையடிச் செதில். பூக்காத காலத்திலும் ஆவாரையை இந்தக் காதை வைத்துக் கண்டுபிடித்துவிடலாம்.

சரி, கருவண்டுக்கு வருவோம்.

வண்டு என்று நாம் சொன்னாலும், அது தேனீயின் சொந்தக்காரி. காய்ந்த மரத்தில், மூங்கிலில், வீட்டு உத்தரத்தில் வட்டமாகத் துளை போட்டுக் குடியிருக்கும். அதனால் தச்சுத் தேனீ என்றும் சொல்கிறார்கள். அது ஆவாரம்பூவுக்கு வருவது மகரந்தத்துக்காக. மகரந்தம் என்றால் நமக்குப் பூந்தூள். அதற்கு அது பருப்பு மாதிரி, புரதம் நிறைந்த சாப்பாடு. தன் குஞ்சுகளுக்கு ஊட்ட அதைச் சேர்த்து எடுத்துப்போகிறது.

பெரும்பாலான பூக்களில் மகரந்தப்பை நீளவாக்கில் வெடித்து, தூள் வெளியே தெரியும். செம்பருத்தியைத் தொட்டால் விரலில் மஞ்சள் ஒட்டுகிறதே, அப்படி. ஆவாரம்பூவின் மகரந்தப்பையைத் தொட்டுப் பாருங்கள், எதுவும் ஒட்டாது. அது மூடிய குழல். நுனியில் மட்டும் குண்டூசி நுழையும் அளவுக்குத் துளை. சாப்பாட்டு மேசையில் இருக்கும் மிளகுத்தூள் டப்பா மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். மிளகுத்தூளை எப்படி எடுப்பீர்கள்? கவிழ்த்துக் குலுக்குவீர்கள். கருவண்டு செய்வதும் அதுதான்.

எப்படிக் குலுக்குகிறது என்பதில்தான் அழகு. பூவில் இறங்கியதும் மகரந்தப்பைகளைக் காலால் கட்டிப்பிடித்துக்கொள்கிறது. சிறகை மடித்து வைத்துக்கொள்கிறது. பிறகு பறப்பதற்கான தசைகளை மட்டும் படபடவென்று இயக்குகிறது. சிறகு அடிக்காது, உடம்பு மட்டும் அதிரும், ஒரு நொடிக்கு நூற்றுக்கணக்கான முறை. அந்த அதிர்வு மகரந்தப்பைக்குள் போய், தூளைத் துளைவழியே பீய்ச்சி அடிக்கிறது.

கண்ணால் பார்க்க முடியாவிட்டாலும் இதைக் காதால் கேட்கலாம். கருவண்டு பறக்கும்போது ‘ங்ஙூம்’ என்று தாழ்ந்த ஓசை. பூவில் உட்கார்ந்ததும் ஓசை நின்றுபோகும். உடனே ‘ஸீய்’ என்று உச்ச சுருதியில் சின்னதாக ஒரு ரீங்காரம். மறுபடி நிசப்தம், மறுபடி ‘ஸீய்’. இரண்டு ஓசைக்கும் வித்தியாசம் தெரிகிறதா என்று கேட்டேன். அவள் கண்ணை மூடிக்கொண்டு ஐந்து பூக்கள்வரை கேட்டாள். “உக்காந்தா குரல் மாறுது பெரியம்மா” என்றாள்.

நான் பள்ளியில் இயற்பியல் சொல்லித்தருபவள். அன்று என் பையில் இதற்காகவே ஒரு இசைக்கவை வைத்திருந்தேன். ஆய்வகத்தில் பார்த்திருப்பீர்கள், முள்கரண்டி மாதிரி இரண்டு கிளையுள்ள இரும்பு. ரப்பர் கட்டையில் தட்டினால் ‘ணிங்’ என்று பாடும். நான் எடுத்துப்போனது 512 ஹெர்ட்ஸ், அதாவது நொடிக்கு 512 முறை அதிர்வது. காலையில் புதிதாக விரிந்த பூ ஒன்றைத் தேர்ந்தெடுத்தோம். அணைத்து வைத்த கைபேசியின் கறுப்புத் திரையை அவள் பூவுக்குக் கீழே பிடித்தாள். செருப்பின் அடியில் தட்டிய இசைக்கவையை மகரந்தப்பையில் மெல்ல ஒட்டினேன். திரையில் மஞ்சளாய்ச் சிறு மூச்சுப்போலத் தூள் விழுந்தது.

“வண்டுன்னு நெனச்சு ஏமாந்துடுச்சு!” என்று கத்தினாள். மேலே ஏறிக்கொண்டிருந்தவர்கள் நின்று திரும்பிப் பார்த்தார்கள்.

உங்கள் ஆசிரியரிடம் கேட்டு நீங்களும் இதைச் செய்யலாம். ஆவாரை கிடைக்காவிட்டால் கத்தரிப்பூவில் செய்யுங்கள். கத்தரியின் மகரந்தப்பைக்கும் நுனித்துளைதான். தக்காளியில் மகரந்தப்பைகள் கூம்பாகச் சேர்ந்திருக்கும், தூள் அந்தக் கூம்பின் நுனிவழியே வரும். ஐரோப்பாவில் கண்ணாடிக் கூடாரங்களுக்குள் தக்காளி வளர்ப்பவர்கள் ஒரு காலத்தில் அதிரும் கருவியைக் கையில் வைத்துக்கொண்டு கொத்துக் கொத்தாகத் தொட்டு வந்தார்கள். 1980களின் கடைசியில் அந்த வேலைக்குப் பம்பிள் தேனீக்களைப் பெட்டியில் வளர்த்துக் கொண்டுவந்து விட்டார்கள். பெட்டியில் நாம் வளர்க்கும் சாதாரணத் தேனீ இதற்கு உதவாது. அதற்கு இந்த அதிர்வு வித்தை வராது. மற்றவர் குலுக்கிச் சிந்தியதைப் பொறுக்கிக்கொள்ளும், அவ்வளவுதான்.

இப்போது ஒரு கணக்கு. வண்டு எல்லாத் தூளையும் சேர்த்துக் குஞ்சுக்குக் கொண்டுபோய்விட்டால் செடிக்கு என்ன மிச்சம்? காய் எப்படிப் பிடிக்கும்?

பூவை உள்ளங்கையில் வைத்துப் பாருங்கள். பத்து மகரந்தத்தாள்கள் இருக்கும், ஆனால் பத்தும் ஒன்றுபோல இருக்காது. மேலே மூன்று வெறும் பேருக்கு. அவற்றில் தூள் இல்லை. நடுவிலிருப்பவை குட்டை. கீழே இருப்பவை நீளமாக, வளைந்து, கொக்கி மாதிரி. வண்டு கட்டிப்பிடிப்பது குட்டையானவற்றை. அவைதான் அதற்குச் சாப்பாடு போடுகின்றன. அது அதிர்கிற அதே அதிர்வில், நீளக் கொக்கிகளும் தூளைச் சிந்துகின்றன. அந்தத் தூள் வண்டின் முகத்துக்கு நேரே போகாமல், அதன் கால் எட்டித் துடைக்க முடியாத இடத்தில் போய்ப் படிகிறது. உங்கள் முதுகின் நடுவில் கை எட்டாத ஒரு இடம் இருக்கிறதே, அப்படி ஓர் இடம். வண்டு அறியாமலே அந்தத் தூள் அடுத்த பூவுக்குப் பயணம் போகிறது. கூலியாகக் கொஞ்சம், பயணத்துக்குக் கொஞ்சம் என்று மகரந்தத்தை இரண்டு கணக்கில் பிரித்து வைத்திருக்கிறது ஆவாரை.

சென்னா இனத்துச் செடிகளில் இன்னொரு நுட்பமும் உண்டு. சூலகம் நேராக நிற்காது, வாள்போல வளைந்து ஒரு பக்கம் சாய்ந்திருக்கும். சில பூக்களில் இடப்பக்கம், சில பூக்களில் வலப்பக்கம். கண்ணாடியில் பார்த்த பிம்பம் மாதிரி. இடது பூவில் ஒரு விலாவில் தூள் பூசிக்கொண்ட வண்டு வலது பூவுக்குப் போனால், அங்கே சூல்முடி சரியாக அந்த விலாவைத் தொடும்.

சார்லஸ் டார்வினைத் தெரியும் அல்லவா? அவர் 1882 ஏப்ரல் 19-ல் இறந்தார். அதற்கு ஒன்பது நாட்களுக்கு முன்பு, அமெரிக்காவில் இருந்த டாட் என்ற பேராசிரியருக்கு ஒரு கடிதம் எழுதினார். இப்படி இடமும் வலமுமாகச் சாயும் பூக்களைப் பற்றி டாட் எழுதிய கட்டுரையைப் படித்திருந்தார் அவர். ஒரு முள் கண்டங்கத்தரி இனத்தின் விதையை அனுப்ப முடியுமா, அதை விதைத்துப் பார்க்க ஆசை என்று கேட்டிருந்தார். ஆவாரையின் உறவான ஒரு கேசியாவின் பூக்களையும் பார்க்க விரும்புவதாக எழுதினார். 73 வயது, உடம்பு தளர்ந்த நேரம். எப்போது விதைக்க வேண்டும் என்றும் அந்தக் கடிதத்தில் விசாரித்திருந்தார். எனக்கு டார்வினை ரொம்பப் பிடிப்பதற்கு அவருடைய பெரிய புத்தகங்களைவிட இந்தச் சின்னக் கடிதம்தான் காரணம்.

நாங்கள் மெல்ல மேலே ஏறினோம். ராஜகிரி சுமார் 800 அடி உயரம், மூச்சு வாங்கும். ஒரு நிழலில் உட்கார்ந்தபோது அவள் பக்கத்து ஆவாரையின் இலையையே பார்த்துக்கொண்டிருந்தாள். “பூவுல எறும்பே இல்ல. இலையில மட்டும் எறும்பு ஏன் மேயுது?”

இந்தக் கேள்விக்காகத்தான் நான் காத்திருந்தேன். ஆவாரையின் இலை புளிய இலைபோல ஜோடி ஜோடியாகச் சிற்றிலைகள் கொண்டது. ஒவ்வொரு ஜோடிக்கும் நடுவில், காம்பின்மேல், தினைக்கதிரின் மணியைவிடச் சிறியதாக ஒரு முளை நீட்டிக்கொண்டிருக்கும். அது தேன் சுரப்பி. பூவில் வைக்காத தேனை ஆவாரை இங்கே வைத்திருக்கிறது!

எறும்புக்கு இனிப்பு கிடைக்கிறது. செடிக்கு? தேன் இருக்கும் இடத்தை எறும்பு விட்டுக்கொடுக்காது. ரோந்து சுற்றும். இலையைத் தின்ன வரும் பூச்சியைக் கண்டால் கடித்து விரட்டும். பூவில் தேன் இருந்திருந்தால் எறும்பு அங்கே போய் உட்கார்ந்து வண்டைத் துரத்தியிருக்கும். செடி தன் விருந்தாளிக்கும் காவலாளிக்கும் தனித்தனி இடத்தில் இலை போட்டிருக்கிறது.

காவல் இருந்தும் சிலர் நுழைந்துவிடுகிறார்கள். வெளிர்பச்சையும் வெள்ளையும் கலந்த வண்ணத்துப்பூச்சிகள் ஆவாரையைச் சுற்றிப் படபடப்பதைப் பார்த்திருப்பீர்கள். அவை தேனுக்கு வந்தவை அல்ல, முட்டையிட வந்த தாய்கள். இலைமேல் உட்கார்ந்து காலால் ருசி பார்க்கின்றன, அவற்றுக்குக் காலிலும் ருசி தெரியும். இது ஆவாரைதான் என்று உறுதியானதும் ஒற்றை முட்டையை ஒட்டிவிட்டுப் போகின்றன. முட்டையிலிருந்து வரும் புழு இலைப்பச்சை நிறத்தில், இலை நரம்போடு படுத்தே கிடக்கும். கண்டுபிடித்தால் உங்களுக்கு நூற்றுக்கு நூறு.

கோட்டைக்கு வெளியே ஏரிக்கரையெல்லாம் சீமைக்கருவேலம் மண்டிக் கிடக்கிறது. அதுவும் அவரைக் குடும்பம்தான், ஆனால் அமெரிக்கக் கண்டங்களிலிருந்து வந்தது. ஆவாரையைச் சீமைக்கருவேலம் நெருக்கிவிட்டால், காலால் ருசி பார்க்கும் அந்தத் தாய் எங்கே போய் முட்டையிடும்? எனக்குக் கவலையாகத்தான் இருக்கிறது.

உங்கள் பாடப் புத்தகத்தோடு ஒரு சின்னச் சண்டையும் போட வேண்டும். அவரைக் குடும்பத்துச் செடிகளின் வேரில் முடிச்சுகள் இருக்கும், அதில் ரைசோபியம் என்ற பாக்டீரியா குடியிருந்து காற்றிலுள்ள நைட்ரஜனைப் பிடித்துத் தரும் என்று படித்திருப்பீர்கள். நிலக்கடலையைப் பிடுங்கினால் அந்த முடிச்சுகளைப் பார்க்கலாம். ஆனால் குடும்பத்தில் எல்லாருக்கும் அந்தப் பழக்கம் இல்லை. சென்னா இனத்துச் செடிகளின் வேரில் பொதுவாக முடிச்சு கிடையாது. பரீட்சையில் புத்தகத்தில் உள்ளபடி எழுதுங்கள். மனதில் மட்டும் இதை வைத்துக்கொள்ளுங்கள்.

இறங்கும்போது ஆவாரையின் பட்டையைக் கீறி அவளிடம் நீட்டினேன். நாக்கில் வைத்ததும் முகம் கோணியது. ஒரே துவர்ப்பு. பாக்கை மென்றாலும், பிஞ்சு வாழைக்காயைக் கடித்தாலும் இப்படித்தான் வாய் இழுத்துப் பிடிக்கும். அதற்குக் காரணம் டானின். நம் எச்சிலில் வழவழப்பான புரதங்கள் இருக்கின்றன. டானின் அவற்றைப் பிடித்து ஒன்றோடொன்று கட்டிவிடுகிறது. வழவழப்பு போய் வாய் சொரசொரக்கிறது.

இப்போது எச்சிலுக்குப் பதிலாக மாட்டுத்தோலை நினைத்துக்கொள்ளுங்கள். பச்சைத் தோலும் புரதம்தான், விட்டால் இரண்டு நாளில் அழுகும். ஆவாரம்பட்டை ஊறிய தண்ணீரில் போட்டால், டானின் தோலின் நார்களுக்குள் புகுந்து கட்டிவிடும். பிறகு கிருமிகள் அதைத் தின்ன முடியாது, தண்ணீரில் நனைந்தாலும் அழுகாது. உங்கள் வாயில் ஒரு நிமிடம் நடந்தது, தொட்டியில் பல நாள் நடக்கிறது. 100 கிராம் ஆவாரம்பட்டையில் 15 கிராமுக்கு மேலேயே டானின் இருக்கும். மோட்டார் வருவதற்கு முன், கமலை கட்டி மாடு இழுத்துக் கிணற்றிலிருந்து தண்ணீர் இறைத்த காலத்தில், தண்ணீரை மொண்டுவந்த தோல்பை இப்படிப் பதனிட்ட தோலால் ஆனதுதான். தாத்தா பாட்டியைக் கேளுங்கள், சொல்வார்கள். சென்னை மாகாணத்தில் ஆவாரம்பட்டையும் கடுக்காயும் போட்டுப் பதனிட்ட தோல், 19ஆம் நூற்றாண்டில் கப்பலேறி லண்டன்வரை விற்றது. ‘ஈஸ்ட் இந்தியா தோல்’ என்றே அதற்குப் பெயர். பின்னால் தென்னாப்பிரிக்காவிலிருந்து வாட்டில் மரப்பட்டை வந்தது, குரோமிய உப்பு வந்தது, ஆவாரைக்கு வேலை குறைந்தது. ஒரு வகையில் நல்லதுதான். பட்டைக்காக வெட்டுவது குறைந்து, புதர்கள் பூக்க விடப்பட்டன.

பூவுக்கு மட்டும் வேலை குறையவே இல்லை. போகியன்று வேப்பிலை, சிறுபீளையோடு சேர்த்துக் காப்புக் கட்டுகிறோம். மாட்டுப்பொங்கலுக்கு மாட்டின் கழுத்தில் மாலை. தெலங்கானாவில் தங்கேடு என்று பெயர், 2014 முதல் அந்த மாநிலத்தின் மலரே இதுதான். பதுக்கம்மா பண்டிகையில் கோபுரம் கோபுரமாக அடுக்குவார்கள். இலங்கையில் ரணவரா என்று சொல்லித் தேநீர் போடுகிறார்கள். ஆவாரை பூத்த இடத்தில் சாவு வராது என்ற பழமொழியை உங்கள் வீட்டிலும் சொல்வார்கள். சர்க்கரை நோய்க்கு இது உதவுமா என்று எலிகளை வைத்து ஆய்வுகள் நடந்திருக்கின்றன. மனிதர்களுக்கு மாத்திரைக்குப் பதிலாக இதைக் கொடுக்கலாம் என்று அதற்கு அர்த்தம் இல்லை. தாத்தா ஆவாரம்பூக் கஷாயம் குடித்தால் குடிக்கட்டும், டாக்டரிடமும் சொல்லிவிட்டுக் குடிக்கட்டும்.

அடிவாரத்துக்கு வந்தபோது வெயில் தாழ்ந்திருந்தது. அவள் வீட்டுக்கு வர மறுத்து, காலையில் காம்பைச் சப்பிய அதே புதரின் முன் நோட்டும் பென்சிலுமாக உட்கார்ந்துவிட்டாள். பக்கத்தின் நடுவில் கோடு கிழித்து, இந்தப் பக்கம் ‘இடது’, அந்தப் பக்கம் ‘வலது’ என்று எழுதினாள். ஒரு பூவைப் பார்ப்பாள், ஒரு கோடு போடுவாள். பாதியில் கருவண்டு திரும்பி வந்தது. கிளை ஆடியது, எண்ணிக்கை தவறியது.

“பெரியம்மா, வண்டு உக்காந்திருக்கிற பூவை இப்போ எண்ணலாமா, இல்ல அது சாப்பிட்டு முடிக்கட்டுமா?”

முடிக்கட்டும் என்றேன். இருவரும் பேசாமல் இருந்தோம். ‘ஸீய்’ என்றது பூ.